எட்டாவது ஆளின் பெயர்

மாலை ஐந்தே கால்.

எல் பனாலிலிருந்து ஏரிக்கரைக்குத் திரும்பும் மண் சாலை. இரண்டு பக்கமும் காடு. முன்னால் வண்டி இல்லை, பின்னால் வண்டி இல்லை. நடுவில் ஒரே ஒரு வெள்ளை வேன்... மழை.

விளக்கை இன்னும் கொஞ்சம் தணியுங்கள். போதும். பக்கத்தில் இருப்பவர் முகம் தெரிந்தால் போதும்.

இது என் சிநேகிதன் ஒவிதியோவின் மச்சானுக்கு நடந்தது. பெயர் கிறிசாந்தோ தியூல். ஒவிதியோவின் தங்கை எர்லிந்தாவைக் கட்டியவன். எர்லிந்தா வடக்கே அமெரிக்காவுக்கு வேலைக்குப் போய் ஆறு வருஷம். முதலில் வாரா வாரம் போன் வரும். பிறகு மாசத்துக்கு ஒன்று. பிறகு... அவள் படுத்திருந்த வலை ஊஞ்சலை மட்டும் அவன் கழற்றவில்லை. வீட்டில் இரண்டு ஊஞ்சல், ஒரே ஆள்.

கிறிசாந்தோவுக்குத் தொழில், எல் பனால் காட்டுக்குள் இடிந்து கிடக்கிற மாயா கோயில்களுக்கு ஆள் கூட்டிக்கொண்டு போவது. பெரிய பஸ் கும்பல் கிடையாது. அதிகபட்சம் எட்டுப் பேர். விடிகாலை ஐந்து மணிக்கு ஓட்டல் ஓட்டலாக ஏற்றிக்கொள்வான். வண்டி ஓட்டுவது, கோயிலைச் சுற்றிக் காட்டுவது, மதியச் சாப்பாடு பரிமாறுவது எல்லாம் அவனே. மாலை ஏழுக்குள் திரும்ப இறக்கிவிடுவான்.

மாலையில் கோயிலை விட்டுக் கிளம்பும்போது ஒரு காரியம் தவறாமல் செய்வான். வாசல் பக்கம் இருக்கிற இலவ மரத்தடியில் நின்று, தாளைப் பார்த்து ஒவ்வொருவரையும் பெயர் சொல்லிக் கூப்பிடுவான்.

"மாரியோ... வா, போகலாம். இங்கேயே தங்கிடாதே!"

வெளியூர்க்காரர்களுக்கு அது ஒரு வேடிக்கை. சிரித்துக்கொண்டே "வந்துட்டேன்" என்பார்கள். நமக்குத் தெரியும், வேடிக்கை இல்லை. காட்டுக்கோ குகைக்கோ ஆற்றுக்கோ போய்த் திரும்பினால் பெயர் சொல்லிக் கூப்பிட்டுத்தான் கூட்டி வருவோம். தடுக்கி விழுந்தவர்களென்றால் விழுந்த இடத்திலேயே கூப்பிட வேண்டும். இல்லையென்றால் ஆள் வந்துவிடும்... ஆளுக்குள் இருப்பது அங்கேயே உட்கார்ந்துவிடும்.

வாசல் காவலாளி நசாரியோ தினமும் அவனை வம்புக்கிழுப்பார்.

"ஏன்டா கிறிசாந்தோ, ஊரையெல்லாம் நீ கூப்பிடறே. உன்னை யாருடா கூப்பிடறது?"

"நான் டிரைவர் அண்ணே. ஹார்ன் அடிச்சா நானே வந்துருவேன்."

"அது சரி. பொண்டாட்டி போனதும் பேச்சுத் துணைக்கு ஹார்ன்தான்."

கிறிசாந்தோ சிரிப்பான். வாசல் சங்கிலியைத் தாண்டி வண்டி வெளியே போனதும் சிரிப்பு நின்றுவிடும்.

அந்த ஜூன் மாதம், ஒரு வியாழக்கிழமை. கையிலிருந்த தாளில் ஏழு பெயர். தலைநகரத்திலிருந்து வந்த குடும்பம் ஐந்து பேர், மாட்ரிட்டிலிருந்து வந்த புதுத் தம்பதி. வண்டி கிளம்பிய பிறகு முதலாளி போன் பண்ணினார்.

"ஏரிக்கரை ஓட்டல்ல இன்னும் ஒருத்தங்க. தனியா வந்திருக்காங்களாம். கடைசி சீட்டு காலிதானே? ஏத்திக்கோ."

ஒரு நிமிஷம் வண்டியை ஓரம் கட்டியிருந்தால் பெயரைக் கேட்டு எழுதியிருக்கலாம். கட்டவில்லை.

ஓட்டல் வாசலில் ஓர் அம்மா நின்றிருந்தாள். அறுபது வயதிருக்கும். கடுகு நிறத் தொப்பி, சாம்பல் நிற மழைக்கோட்டு.

"கூடுதலா வர்றவங்க நீங்கதானேம்மா?"

தலையசைத்தாள். கடைசி சீட்டில் போய் உட்கார்ந்தாள். அவ்வளவுதான்.

வழியெல்லாம் அவள் யூகலிப்டஸ் மிட்டாய் சப்பிக்கொண்டே வந்தாள். தாளைப் பிரிக்கும் சத்தம் முன் சீட்டு வரைக்கும் கேட்டது. சரசர... சரக். அந்த வாசனை வேன் முழுக்க நிறைந்திருந்தது. சளி பிடித்த வீட்டில் நுழைந்த மாதிரி.

எல் பனாலில் வண்டி நின்றதும் அவள் கிறிசாந்தோவிடம் வந்து ஒரு மிட்டாயை நீட்டினாள்.

"எடுத்துக்குங்க. நாள் முழுக்கப் பேசணும், தொண்டை என்னத்துக்கு ஆகும்? உங்க பேரு என்ன?"

"கிறிசாந்தோம்மா."

"கிறிசாந்தோ. நல்ல பேரு."

சொல்லிவிட்டு இன்னும் ஒரு நொடி நின்றாள். பதிலுக்கு ஏதோ கேட்பான் என்று எதிர்பார்த்த மாதிரி. அதற்குள் தலைநகரத்துக் குடும்பத்துக்காரர் கத்தினார். "வழிகாட்டித் தம்பி! எங்க அஞ்சு பேரையும் சேர்த்து ஒரு போட்டோ எடுப்பா!"

கிறிசாந்தோ மிட்டாயை வாயில் போட்டுக்கொண்டு ஓடினான்.

அன்று முழுக்க அவள் கூட்டத்துக்குப் பத்தடி பின்னால்தான். கோபுரத்தைக் காட்டினால் எல்லாரும் கோபுரத்தைப் பார்ப்பார்கள், அவள் கூட்டத்தைப் பார்ப்பாள். சாப்பாட்டுக் கொட்டகையில் இலையில் வெந்த சோளமாவும் கோழியும், ஏலக்காய் போட்ட காபி. ஏழு பேரும் ஒரே மேசையில் இடித்துப் பிடித்து உட்கார்ந்து சிரித்தார்கள். அவள் பெஞ்சின் கோடியில். யாரும் நகர்ந்து இடம் விடவில்லை. வேண்டுமென்று செய்ததும் இல்லை. கவனிக்கவில்லை, அவ்வளவுதான்.

மூன்று மணிக்குப் பெரிய கோயில். செங்குத்துப் படி. மேலிருந்து இறங்கும்போது, கீழிருந்து மூன்றாவது படியில் அவள் கால் வழுக்கியது.

பலமாக விழவில்லை. 'தொப்' என்று உட்கார்ந்துவிட்டாள். தொப்பி உருண்டது. உள்ளங்கையில் சிராய்ப்பு.

"அடி பட்டுச்சாம்மா?"

"ஒண்ணுமில்லே. ஒண்ணுமில்லே. நீங்க அவங்களைப் பாருங்க."

அந்த இடத்திலேயே, அந்த நிமிஷமே, பெயர் சொல்லி எழுப்பியிருக்க வேண்டும். கிறிசாந்தோவுக்கு அது தெரியாதா? பால்குடிக் காலத்திலிருந்து தெரியும். ஆனால் பெயர்? 'கிளம்பும்போது மரத்தடியில் எல்லாரோடும் சேர்த்துக் கேட்டுக்கலாம்' என்று நினைத்தான்.

கிளம்பும்போது மழை பிடித்துக்கொண்டது. ஊளைக்குரங்குகள் ஒரே சமயத்தில் கர்ஜிக்க ஆரம்பித்தன. நசாரியோ சங்கிலியோடு தயாராக நின்று "சீக்கிரம்டா, மணி அஞ்சு!" என்று கத்தினார். கிறிசாந்தோ நனைந்த தாளைப் பார்த்துக் கடகடவென்று படித்தான். ஏழு பெயர். ஏழு "வந்துட்டேன்". தாளை மடித்துப் பைக்குள் வைத்தான்.

இலவ மரத்துக்கு அந்தப் பக்கம் அவள் நின்றிருந்தாள். தொப்பி இல்லை. பதில் சொல்லத் தயாராக வாய் லேசாகத் திறந்திருந்தது.

கொஞ்ச நேரம் அப்படியே நின்றாள்... பிறகு வாயை மூடிக்கொண்டாள்.

"ஏறுங்கம்மா, நனையறீங்க பாருங்க."

ஏறினாள். தலை எண்ணினான். எட்டு. கணக்கு சரி.

திரும்பி வரும் வழியில் ஒன்று உறுத்தியது. என்னவென்று பாதித் தூரம் வந்த பிறகுதான் புரிந்தது.

மிட்டாய்த் தாள் சத்தம் இல்லை.

கண்ணாடியில் பார்த்தான். அவள் நேராக உட்கார்ந்திருந்தாள். பள்ளத்தில் வண்டி குதித்தபோது எல்லார் தலையும் ஆடியது. அவள் கண் இமைக்கவில்லை. ஓட்டல் வாசலில் இறங்கினாள். "வரேம்மா" என்றான். பதில் இல்லை. கொட்டுகிற மழையில் கோட்டின் தலைமூடியைக்கூட இழுத்துவிடாமல் உள்ளே நடந்து போனாள்.

மறுநாள் வெள்ளிக்கிழமை. புதுக் கூட்டத்தோடு போனான். நசாரியோ சங்கிலியை அவிழ்க்காமல் வந்து ஜன்னலோரம் நின்றார். முகத்தில் கேலி இல்லை.

"நேத்து ஆளை விட்டுட்டுப் போனியா?"

"எட்டுத் தலை எண்ணித்தான் அண்ணே ஏத்தினேன்."

"நீங்க போய் அரைமணி கழிச்சு... பெரிய கோயில் பக்கம் ஒரு பொம்பளை குரல். சத்தம்கூடப் போடலைடா. ரொம்ப மரியாதையாக் கேக்குது. 'போகலாமா?'ன்னு. டார்ச் அடிச்சா ஆள் இல்லே. நான் திரும்பினா மறுபடியும். 'போகலாமா?'"

கிறிசாந்தோ கூட்டத்தைக் கொட்டகையில் உட்கார வைத்துவிட்டுத் தனியாகப் போனான். மூன்றாவது படி. கடுகு நிறத் தொப்பி நனைந்து கிடந்தது. பக்கத்தில் போனான்...

யூகலிப்டஸ் வாசனை.

அந்தக் காட்டில் அந்த மரமே கிடையாது.

சரசர... சரக்.

"அம்மா," என்றான். "அம்மா, வாங்க. போகலாம்."

சத்தம் நிற்கவில்லை. இவன் வேறு யாரையோ கூப்பிடுகிறான் என்பது போல, தாள் பிரிகிற சத்தம் பாட்டுக்கு வந்துகொண்டிருந்தது. உலகத்தில் எத்தனை கோடி அம்மா! அதில் எந்த அம்மா?

அன்று மாலை ஓட்டலுக்குப் போன் செய்தான். வரவேற்பு மேசையில் இருக்கும் யெசேனியா அவனுக்குத் தெரிந்த பெண்.

"ஏன் அண்ணே கேக்கறீங்க? அந்தம்மா நேத்து வந்து படுத்ததுதான். கண்ணு திறந்திருக்கு. கூப்பிட்டாத் திரும்பலை. டாக்டர் வந்து அலைச்சல்தான்னுட்டுப் போனாரு. அங்க ஏதாவது ஆச்சா?"

ஏதாவது ஆச்சா... விழுந்தாள் என்று சொன்னால் கேள்வி வரும். ஏன் எழுதிக் கொடுக்கவில்லை, ஏன் மருந்து போடவில்லை என்பார்கள். வழிகாட்டி உரிமம் போகும். அதுவும் போனால் அவனுக்கு என்ன மிச்சம்? இரண்டு ஊஞ்சல்.

"ஒண்ணும் ஆகலையே," என்றான் கிறிசாந்தோ.

போனை வைத்தான். பெயரைக் கேட்கவில்லை. பெயரைக் கேட்டால் ஏன் என்று கேட்பாளே!

சனிக்கிழமை பூராவும் ஊஞ்சலில் படுத்துக் கூரையைப் பார்த்துக்கொண்டிருந்தான். எதிர் ஊஞ்சல் காலியாகத் தொங்கியது. ஞாயிற்றுக்கிழமை பிற்பகல் தாங்க முடியவில்லை. எழுந்து ஓட்டலுக்கு ஓடினான்.

யெசேனியா அவனை மாடிக்குக் கூட்டிப்போனாள். கட்டிலில் அவள் கிடந்தாள். மூன்றே நாளில் பாதியாகியிருந்தாள். மூச்சு இருந்தது... மெல்லிய நூல் மாதிரி. ஆஸ்பத்திரி வண்டிக்குச் சொல்லியிருக்கிறது, பக்கத்து ஊர்ப் பாலத்தில் வெள்ளமாம், வரத் தாமதம்.

"பேரு என்ன யெசேனியா? சீக்கிரம். பேரு!"

பதிவேட்டைப் பிரித்தாள். அழகான, சாய்வான கையெழுத்து. ஒத்திலியா ஸுபிரி. வயது அறுபத்தொன்று. ஊர், தெற்கே உருகுவே. அதற்குக் கீழே ஒரு கட்டம். அவசரம் என்றால் யாருக்குத் தெரிவிப்பது?

அதில் அந்தம்மா ஒரு கோடு போட்டிருந்தாள். ஸ்கேல் வைத்துப் போட்ட மாதிரி, நேரான கோடு.

ஒன்றரை மணி நேரப் பாதை. ஐந்துக்குப் பத்து நிமிஷம் இருக்கும்போது சங்கிலி முன்னால் வேன் நின்றது. நசாரியோ விஷயம் புரிந்து, சிரட்டையில் நெருப்பும் குங்கிலியமும் போட்டுக் கையில் கொடுத்தார்.

"கூப்பிட்டதும் திரும்பிப் பாக்காதே. வழியில நிறுத்தாதே. வேற யாரோடவும் பேசாதே. பேரை மட்டும் சொல்லிக்கிட்டே போ. உடம்புகிட்ட கொண்டு சேர்த்த பிறகுதான் வாயை மூடணும்."

மூன்றாவது படி. புகை மழையில் அமுங்கித் தரையோடு படர்ந்தது. கிறிசாந்தோ தொப்பியை எடுத்து நெஞ்சோடு வைத்துக்கொண்டான்.

"ஒத்திலியா... வா, போகலாம். இங்கேயே தங்கிடாதே."

சரசர சத்தம் சட்டென்று நின்றது.

திரும்பி நடந்தான். பின்னால் நனைந்த செருப்பு ஓசை. பத்தடி பின்னால். எப்போதும் போல.

வேன் கதவு தானாக நகர்ந்தது. கடைசி சீட்டு ஸ்பிரிங் 'கிரீச்' என்று அமுங்கியது.

ஐந்தே கால். அந்த மண் சாலை. அந்த மழை.

"ஒத்திலியா. வா. ஒத்திலியா. இதோ வந்துட்டோம்..."

பக்கத்து சீட்டில் கிடந்த போன் அதிர்ந்தது. ஓட்டல் எண். வேறு யாரோடும் பேசக்கூடாது. எடுக்கவில்லை. நின்றது. மறுபடி அதிர்ந்தது. மறுபடி...

"ஒத்திலியா. இன்னும் கொஞ்ச தூரம்தான். ஒத்திலியா."

பின்னாலிருந்து தாள் பிரிக்கும் சத்தம். வாசனை. அவனுக்குப் பயம் போய் ஒரு நிம்மதிகூட வந்துவிட்டது. கொண்டுவந்துவிட்டோம்!

ஓட்டல் வாசலில் யெசேனியா நின்றிருந்தாள். கண் சிவந்திருந்தது.

"எத்தனை தடவை அண்ணே போன் பண்ணினேன்? அஞ்சரைக்கே முடிஞ்சுபோச்சு."

அவன் வாய் 'ஒத்தி' என்று பாதியில் நின்றது.

முதுகுக்குப் பின்னால் வேன் கதவு நகர்ந்தது. நனைந்த செருப்பு ஓசை அவனைத் தாண்டிப் போயிற்று. படியேறிற்று. வாசலில் நின்றது. வெகுநேரம் நின்றது... பிறகு அதே மாதிரி, அவசரப்படாமல், திரும்பி வந்தது.

ஸ்பிரிங் அமுங்கியது. கதவு மட்டும் மூடவில்லை. கிறிசாந்தோதான் போய் மூடினான்.

உள்ளேயிருந்து மெதுவாக, மரியாதையாக ஒரு குரல்.

"போகலாமா?"

உருகுவேயிலிருந்து யாரும் வரவில்லை. நகராட்சி இடுகாட்டில்தான் அடக்கம். மண் போட்டது மூன்று பேர். கிறிசாந்தோ, யெசேனியா, நசாரியோ.

அதற்குப் பிறகு கிறிசாந்தோ எட்டுப் பேரை ஏற்றுவதை நிறுத்திவிட்டான். ஏழுதான். முதலாளி கத்தினால் "கடைசி சீட்டு ஸ்பிரிங் போச்சு" என்பான். காலையில் ஒவ்வொருவரிடமும் பெயர் கேட்டு, பேனாவால் எழுதி, ஒரு முறை படித்துக் காட்டிவிட்டுத்தான் சாவியைத் திருப்புவான். ஏழு பேரும் சொல்லி முடித்ததும் பின்னால் ஒரு சரசரப்பு கேட்கும். மாலையில் எல்லாரையும் இறக்கிவிட்டுத் தன் வீட்டு வாசலில் வண்டியை நிறுத்துவான். அப்போது அந்தக் கேள்வி வரும். "போகலாமா?"

பதில் சொல்லாமல் கதவைச் சாத்திக்கொண்டு உள்ளே போய்விடுவான். எங்கே என்று சொல்வான்? அவளுக்குப் போக இடம் ஏது? கூப்பிட்டுக் கொண்டுவந்தவன் அவன். இதையெல்லாம் ஒவிதியோவிடம் சொல்லி அழுதிருக்கிறான்.

ஐந்து மாதம் போயிற்று. நவம்பரில் ஒரு செவ்வாய்க்கிழமை. இனி சொல்வது நசாரியோ கண்ணால் பார்த்தது.

அன்றும் மழை. இலவ மரத்தடியில் நின்று கிறிசாந்தோ ஏழு பெயரையும் படித்தான். ஏழு பேரும் "வந்துட்டேன்" சொல்லி ஏறிக்கொண்டார்கள். அவன் தாளை மடிக்கவில்லை. அப்படியே நனைந்துகொண்டு நின்றான்.

"என்னடா, மணியாச்சு," என்றார் நசாரியோ.

"அண்ணே," என்றான், "அன்னிக்கு அந்தம்மா இப்படித்தான் நின்னாங்க. எட்டாவதாக் கூப்பிடுவேன்னு."

குரலை உயர்த்தி, எல்லாருக்கும் சொல்கிற மாதிரியே சொன்னான்.

"ஒத்திலியா... வா, போகலாம். இங்கேயே தங்கிடாதே."

வேனுக்குள் இருந்தவர்கள் சிரிப்பை நிறுத்தினார்கள். குரங்குகள்கூட அடங்கிவிட்டதாக நசாரியோ சொல்கிறார். கடைசி சீட்டிலிருந்து பெண் குரல் வந்தது. வயதான, இதமான குரல்.

"வந்துட்டேன்."

ஒரு மூச்சு விடுகிற நேரம். பிறகு அதே குரல்...

"கிறிசாந்தோ. வா, போகலாம். இங்கேயே தங்கிடாதே."

ஆறு வருஷமாக அவனை யாரும் அப்படிக் கூப்பிட்டதில்லை. நசாரியோ ஓடிப்போய்க் கையைப் பிடிக்க நினைத்தார். அதற்குள் கிறிசாந்தோ முகம் முழுக்கச் சிரித்தானாம்.

"வந்துட்டேன்," என்றான்.

ஏறினான். பத்திரமாக ஓட்டினான். ஏழு பேரையும் அவரவர் ஓட்டலில் இறக்கினான். கடைசியாக இறங்கிய பெரியவர் ஜன்னலில் குனிந்து கேட்டாராம். "பின்னாடி அந்தம்மா இறங்கலையே தம்பி?"

"அவங்க வீடு இன்னும் உள்ளே போகணும் ஐயா."

மறுநாள் காலை வேலைக்கு வரவில்லை என்று முதலாளி ஒவிதியோவுக்குப் போன் செய்தார். ஒவிதியோ போனான். வாசலில் வேன். அதன் எல்லாக் கதவும் திறந்திருந்தது. வீட்டுக் கதவும் திறந்திருந்தது. உள்ளே யூகலிப்டஸ் வாசனை. மேசையில் இரண்டு காபிக் கோப்பை, இரண்டும் குடித்தாகிவிட்டது. கடுகு நிறத் தொப்பி ஆணியில் மாட்டியிருந்தது.

கிறிசாந்தோ தன் ஊஞ்சலில் படுத்திருந்தான். கண் திறந்திருந்தது. ஒவிதியோ மூன்று தடவை பெயர் சொல்லிக் கூப்பிட்டான். திரும்பவில்லை. தொட்டுப் பார்த்தான்... சில்லென்று இருந்தது. எப்போதோ முடிந்திருந்தது.

ஒவிதியோ தரையில் உட்கார்ந்துவிட்டான். ஜன்னல் சாத்தியிருந்தது. துளி காற்று இல்லை. கிறிசாந்தோவின் ஊஞ்சல் அசையாமல் தொங்கியது.

எர்லிந்தாவின் ஊஞ்சல்தான் ஆடிக்கொண்டிருந்தது. இப்போதுதான் யாரோ எழுந்து போன மாதிரி.